தவிட்டுக்கு வாங்கிய மந்திரி

சாத்வால்தி தாதமத்தோவ் குடியரசின் கலாசார அமைச்சராக இருந்த காலத்தில் 'குல்பாதாம்' என்ற இசைநாடகத்தைப் பலமுறை பார்த்தார். ஒருமுறைகூட முழுதாகப் பார்த்ததில்லை. இரண்டாம் அங்கத்தில் கதாநாயகிக்குக் கல்யாணம் நடக்கும். எக்காளம் ஊதுவார்கள், ஆட்டக்காரிகள் பம்பரமாகச் சுழல்வார்கள். திரை விழுந்ததும் அமைச்சர் எழுந்து பலமாகக் கைதட்டிவிட்டு, பக்கத்தில் இருக்கும் வெளியூர் விருந்தாளியின் முழங்கையைப் பிடித்து, "வாங்க, புலாவ் ஆறிடும்" என்று பின்வாசல் வழியாக அழைத்துப் போய்விடுவார். மூன்றாம் அங்கம் என்று ஒன்று இருப்பது அவருக்குத் தெரியும், கொல்லைச் சுவருக்கு அந்தப் பக்கம் அடுத்தவன் தோட்டம் இருப்பது தெரிகிற மாதிரி. அதில் என்ன விளைகிறது என்று எட்டிப் பார்த்ததில்லை.

அவரைக் குற்றம் சொல்லி ஆகப்போவதில்லை. அந்த நாற்காலிக்கு அவர் பாட்டு வழியாக வந்தவர் அல்ல, ஆட்டுச் சந்தை வழியாக வந்தவர். பெர்கானா பள்ளத்தாக்கில் சந்தைத் தரகர் ஒருவருக்குப் பிள்ளைகள் பிறந்து பிறந்து தங்காமல் போயின. கடைசியாக இவர் பிறந்தார். பிறந்த அன்றே இவரைத் துணியில் சுற்றி ஜன்னல் வழியாக எதிர்வீட்டு ரொட்டிக்காரியிடம் கொடுத்துவிட்டார்கள். அவள் தெருவைச் சுற்றிக்கொண்டு முன்வாசலுக்கு வந்து, "பிள்ளை விற்கிறேன், வாங்குறீங்களா?" என்று கேட்டாள். தகப்பனார் தொழில்காரர் அல்லவா, அதற்கும் பேரம் பேசித்தான் ஒரு தட்டுத் தவிட்டுக்குப் படியவைத்தார். இனிச் சாவு வந்து தரகர் பெற்ற பிள்ளை எங்கே என்று கேட்டால், "இங்கே பெற்ற பிள்ளை ஏது? காசுக்கு வாங்கினதுதான் இருக்கு" என்று கையை விரிக்கலாம். சாத்வால்தி என்றால் எங்கள் பேச்சில் 'வாங்கியது' என்று பொருள். எங்கள் பக்கம் தெருவுக்கு ஒரு சாத்வால்தி உண்டு. எல்லோரும் ஆரோக்கியமாகத்தான் இருக்கிறார்கள்.

அவரும் தகப்பன் தொழிலையே கற்றார். வாங்குகிறவனின் வலக்கையையும் விற்கிறவனின் வலக்கையையும் சேர்த்துத் தன் இரண்டு கைக்குள் அடக்கிக்கொண்டு, தண்ணீர் பம்பு அடிப்பதுபோல மேலும் கீழும் அடிக்க வேண்டும். "கொடு, விடு, அவர் முகத்தைப் பார், உன் முகத்தைப் பார், பரக்கத் உண்டாகட்டும், பெருகட்டும்" என்று மூச்சு விடாமல் கத்த வேண்டும். தோள்பட்டை கழன்றுவிடும் என்ற பயம் வந்ததும் இருவருக்கும் விலை படிந்துவிடும்.

சந்தை கூட்டுறவு ஆனபோது அவர் கொள்முதல் அதிகாரி ஆனார். பிறகு தலைநகரில் பொதுக் குளியலறை, சலவைத் துறைக்குத் தலைவர் ஆனார். ஒரு மே தின விருந்தில், ஒரே அணிவகுப்புப் பாட்டைத் தான்தான் அமைத்தேன் என்று இரண்டு இசையமைப்பாளர்கள் ஆட்டுத் தொடைக்கறித் தட்டைத் தாண்டி ஒருவர் சட்டையை ஒருவர் பிடித்தார்கள். சாத்வால்தி எழுந்துபோய் இரண்டு கைகளையும் பிடித்து அடித்த அடியில், பல்லவி ஒருவருக்கு, சரணம் இன்னொருவருக்கு என்று தேநீர் ஆறுவதற்குள் முடிந்தது. கட்சியின் முதல் செயலாளர் அதைப் பார்த்துக்கொண்டே இருந்தார். "சலவைத் துறைக்கு இவ்வளவு திறமை எதுக்கு?" என்றார். மறுவாரம் சாத்வால்தி கலாசார அமைச்சர்.

அமைச்சருக்கு வயலின் தெரியும். அதைவிடப் பெரியதெல்லாம் 'பெரிய வயலின்', அதைவிடவும் பெரியது 'தூக்க ஆள் வேண்டிய வயலின்'. ஆனால் கலைஞர்கள் அவரைக் கொண்டாடினார்கள். பொம்மலாட்டக் குழுவின் பழைய வண்டியைக் கொடுத்து ஆட்டக்காரிகளுக்கு நல்ல தோல் செருப்பு வாங்கிவந்தார். ஒரு ஓவியக் கண்காட்சியைச் சுரங்க ஊருக்கு அனுப்பிவிட்டு, ஒத்திகைக் கூடத்துக்குக் குளிர்காலம் முழுவதும் நிலக்கரி வரவழைத்தார். சிலையின் கை எந்தப் பக்கம் நீள வேண்டும் என்று சிற்பிக்கும் நகரசபைக்கும் தகராறு வந்தபோது, கையை மடக்கிச் சட்டைப்பைக்குள் வைக்கச் சொல்லித் தீர்த்து வைத்தார்.

இப்படிப் போய்க்கொண்டிருந்த வாழ்க்கையில் ஒரு இலையுதிர்காலத்தில் மாஸ்கோவிலிருந்து தொலைபேசி வந்தது. யாரோ ஒரு புண்ணியவான் மொட்டைக் கடிதம் போட்டிருந்தான். இசைநாடக அரங்கத்தில் புறாக்கள்தான் குடியிருக்கின்றன, மேல்மாடத்தில் காவலாளி திராட்சை காயவைக்கிறான், மக்களுடைய பளிங்குக் கட்டடம் மக்களே இல்லாமல் கிடக்கிறது என்று. விசாரிக்க ஒரு குழு வருகிறது.

முதல் செயலாளர் கூப்பிட்டுச் சுருக்கமாகச் சொன்னார்.

"வெள்ளிக்கிழமை வர்றாங்க. அரங்கம் நிறைஞ்சிருக்கணும். கடைசித் திரை விழற வரைக்கும் நிறைஞ்சிருக்கணும். ஒரு வரிசை காலியா இருந்தாலும் கட்டடம் பருத்தி வாரியத்துக்குக் கூட்டம் போடப் போயிடும். நீ பாலைவனத்து ஓரமா பட்டுப்புழு முட்டை நிலையத்துக்குத் தலைவராப் போயிடுவ."

"தோழர், அங்க குடியிருக்கிறது யாரு?"

"புழு."

மற்ற மாதங்களாக இருந்தால் பிரச்சினையே இல்லை. கல்லூரிக்கு ஒரு வார்த்தை, படைமுகாமுக்கு ஒரு வார்த்தை, அரங்கம் நிரம்பிவிடும். ஆனால் அது பருத்திப் பருவம். மாணவர், ஆசிரியர், சிப்பாய், எழுத்தர், தட்டச்சுக்காரி எல்லோரும் இடுப்பில் துணி கட்டிக்கொண்டு வயலில் குனிந்திருந்தார்கள். நகரத்தில் மிச்சம் இருந்தது கைக்குழந்தைகளும் அமைச்சர்களும்தான்.

வீட்டுக்குப் போனார். மனைவி ஹோஸியத் மருந்துக்கடையில் வேலை பார்ப்பவள். மருந்துக்கடையில் எல்லாச் செய்தியும் முந்தி வந்துவிடும். அவள் பெரிய அண்டாவுக்குள் சின்னச் சட்டிகளை அடுக்கிக்கொண்டிருந்தாள்.

"என்ன செய்யற?"

"புழு முட்டைக்குப் பீங்கான் கிண்ணம் வேணுமா, மண்கிண்ணம் போதுமான்னு யோசிக்கிறேன் மந்திரி அய்யா."

"இன்னும் போகலியே."

"போகும்போது அவசரமாக் கட்டினா உடையும். ஆமா, இத்தனை வருஷம் கலாசாரம் கலாசாரம்னு அலைஞ்சீங்களே, இந்த ஊர்ல ஜனங்க தானா, யாரும் கூப்பிடாம, ராத்திரி வரைக்கும் உட்கார்ந்து பார்க்கிற மாதிரி ஒண்ணாவது இருக்கா?"

"கல்யாணம்" என்றார் சாத்வால்தி, எரிச்சலாக. சொல்லிவிட்டு அப்படியே நின்றார். பிறகு குல்லாவை எடுத்து மாட்டிக்கொண்டு, வந்த வழியே வெளியே ஓடினார்.

ஓடியது கறிக்கடை ஹைதர் வீட்டுக்கு. ஹைதர் இவர் தகப்பனார் காலத்துச் சந்தை ஆள், கழுத்தும் தலையும் ஒரே அகலம். அவருடைய கடைசி மகளுக்கு அந்த வாரம்தான் கல்யாணம். மனிதர் முகத்தில் அந்தச் சந்தோஷமே இல்லை. காரணம், இளைஞர் சங்கம் அப்போது ஆடம்பரக் கல்யாணத்தை எதிர்த்துப் பிரசாரம் செய்துகொண்டிருந்தது. எளிய கல்யாணம், சிவப்புத் துணி, எலுமிச்சை பானம், ஒரு சொற்பொழிவு.

"ஆயிரம் பேரு வீட்டுல கை நனைச்சிருக்கேன் தரகர் மகனே" என்றார் ஹைதர். "அந்த ஆயிரம் பேருக்கும் எலுமிச்சைத் தண்ணி குடுத்து அனுப்புன்னா, அதுக்கப்புறம் நான் எந்த முகத்தோட கத்தி தீட்டுவேன்?"

"ஹைதர் அண்ணே, எங்கிட்ட ஒரு மண்டபம் இருக்கு. பளிங்குத் தூண். கண்ணாடி விளக்கு. வாத்தியக்காரங்க எழுபது பேரு, சாப்பாடுகூடக் கேட்க மாட்டாங்க."

ஹைதர் காதை நிமிர்த்தினார், வாயை மட்டும் கோணிக்கொண்டார். "மண்டபம்னா அந்த அலறல் வீடா? அங்க பொம்பளைங்க வயித்துவலி வந்த மாதிரி கத்துவாங்களே."

"கல்யாணப் பாட்டுதான் கத்துவாங்க. கதையே கல்யாணக் கதை. சங்கத்துக்காரன் வந்து கேட்டா, இது ஆடம்பரம் இல்ல தோழா, கலாசாரம்னு சொல்லிடலாம்."

"அண்டா எங்க வைக்கிறது?"

"பின்பக்கம் திரைச்சீலை உலர்த்துற முற்றம் இருக்கு. ஆட்டையும் அங்கயே கட்டிக்கோங்க."

"குழந்தைங்க வரும்."

"வரட்டும்."

"மருமகன் பக்கத்து ஆளுங்க முன்வரிசை கேப்பாங்க."

"முதல் வரிசை மாஸ்கோவுக்கு. இரண்டாவது உங்க சம்பந்திக்கு."

"முதல் வரிசையில பாதி."

சாத்வால்தி தன் இடக்கையையும் வலக்கையையும் சேர்த்துத் தானே குலுக்கிக்கொள்ள வேண்டிய நிலைமை, மூன்றாவது ஆள் இல்லாததால். கடைசியில் முதல் வரிசையில் பாதி போயிற்று. பதிலுக்கு, கடைசித் திரை விழும்வரை ஒரு ஆளும் எழுந்து போகக்கூடாது, குழந்தை அழுதாலும் உட்கார்ந்தே அழ வேண்டும் என்று எழுதாத ஒப்பந்தம் ஆயிற்று.

வாசல்வரை வந்த ஹைதர் அவர் தோளைப் பிடித்து நிறுத்தினார். "ஒண்ணே ஒண்ணு தம்பி. எம் பொண்ணு கல்யாணத்துல அபசகுனமா ஒரு தும்மல்கூட விழக்கூடாது. விழுந்துது, ஆயிரம் பேரையும் எழுப்பிக் கூட்டிட்டுப் போயிடுவேன். உன் மாஸ்கோ எனக்குத் தெரியாது."

"அண்ணே, கலாசார மந்திரி சொல்றேன்" என்று நெஞ்சில் கைவைத்தார் சாத்வால்தி. "ஆரம்பத்துலருந்து முடிவு வரைக்கும் சந்தோஷம்தான்."

வெள்ளிக்கிழமை வந்தது. பளிங்குப் படிகளில் ஜனம் ஏறிய அழகைக் காண டிக்கெட் கிழிக்கும் பெண் கண்ணாடியைக் கழற்றித் துடைத்து மறுபடி மாட்டிக்கொண்டாள். மெத்தை கொண்டுவந்தார்கள். ரொட்டி மூட்டை கொண்டுவந்தார்கள். தொட்டிலோடு வந்தாள் ஒருத்தி. பருத்தி வயலிலிருந்து பாதிப் பேர் இடுப்புவலி என்று நழுவி வந்திருந்தார்கள். பருத்திக்கு வரும் இடுப்புவலி கல்யாணத்துக்கு வருவதில்லை. மேல்மாடம்வரை நிரம்பி, காவலாளியின் திராட்சையை ஆளுக்குக் கொஞ்சமாக எடுத்துத் தின்றும் முடித்தார்கள். மணமக்களை அரசாங்க மாடத்தில் உட்காரவைத்தபோது, அங்கே உட்கார வந்த ரயில்வே துறை அமைச்சர் எதுவும் கேட்காமல் மாப்பிள்ளைத் தோழனுக்குப் பக்கத்தில் ஒடுங்கிக்கொண்டார்.

மாஸ்கோ குழுவின் தலைவி க்ளாவ்தியா ஸ்தெபானோவ்னா, தொப்பி வைத்த பெரிய உருவம். அவர் உட்கார்ந்த நிமிடத்திலேயே பின்வரிசைக்காரி, "கொஞ்சம் பிடிங்கம்மா, செருப்பு கழண்டுபோச்சு" என்று மடியில் ஒரு குழந்தையை வைத்துவிட்டாள். அது அவருடைய தொப்பியைப் பிடித்துக்கொண்டது. முதல் அங்கம் முழுவதும் விடவில்லை.

முதல் அங்கத்தில் தோட்டக்காரன் மகள் குல்பாதாமாக முனவ்வர் பாடினாள். "யாரு பொண்ணு இது? நல்லாக் கொழுகொழுன்னு இருக்கு" என்று மாடத்திலிருந்து கேட்டார்கள். "அந்திஜான் பக்கம்" என்று கீழேயிருந்து பதில் போயிற்று. பாட்டுக்கு நடுவில் முனவ்வரே ஒருமுறை, "இல்ல, நமங்கான்" என்று திருத்திவிட்டு மேல்ஸ்தாயிக்குப் போனாள்.

இரண்டாம் அங்கத்தில் அரங்கம் கையில் நிற்கவில்லை. மேடை எக்காளம் ஒரு தடவை ஊத, ஹைதர் ஏற்பாடு செய்திருந்த எக்காளக்காரர்கள் மாடத்திலிருந்து இரண்டு தடவை ஊதினார்கள். வானத்திலிருந்து கற்கண்டு மழை பெய்தது. அத்தைமார்கள் மேடையேறி, ஆட்டக்காரிகளை ஓரமாக நிற்கச் சொல்லிவிட்டு, எப்படி ஆடுவது என்று காட்டினார்கள். வாத்தியக்குழுத் தலைவர் லெவ் மார்க்கோவிச் கையிலிருந்த கோலை வேகமாக வீசிப் பார்த்தார், மெதுவாக வீசிப் பார்த்தார், பிறகு அத்தைமார்களின் இடுப்பைப் பார்த்துத் தாளம் போட ஆரம்பித்தார். க்ளாவ்தியா ஸ்தெபானோவ்னா குழந்தையைத் தோளில் போட்டுக்கொண்டு எழுந்து நின்று கைதட்டினார்.

திரை விழுந்தது. சாத்வால்திக்கு உலகமே இனித்தது. பழக்கதோஷம், எழுந்து அந்த அம்மாளின் முழங்கையைப் பிடித்தார்.

"வாங்க, புலாவ் ஆறிடும்."

"ஏன், மூன்றாம் அங்கம் இருக்கிறதே? அதற்காகத்தானே நான் வந்ததே."

"இருக்கு, இருக்கு" என்றார் அமைச்சர். பின்னால் நின்ற துணையமைச்சர் நோர்முராத்திடம் உதட்டோரமாகக் கேட்டார். "மூணாவதுல என்னப்பா வருது?"

நோர்முராத் படித்த மனிதன், மெல்லிய குரல். "அதுலதான் தோழர் அமைச்சர், அந்தக் காலத்துல ஊரை ஆண்ட அமீர் கல்யாணப் பொண்ணுக்கு விஷம் குடுத்துக் கொல்லுவான்."

சாத்வால்தியின் கை அந்த அம்மாளின் முழங்கையிலேயே ஒட்டிக்கொண்டது. "எப்பலருந்து?"

"எழுதினதுலருந்து."

மேடைக்குப் பின்னால் அவர் ஓடிய ஓட்டத்தில் இரண்டு அட்டைத் தூண்கள் விழுந்தன. லெவ் மார்க்கோவிச் எலுமிச்சைத் தேநீர் குடித்துக்கொண்டிருந்தார்.

"லெவ் மார்க்கோவிச், அந்தப் பொண்ணு இன்னிக்கு சாகக்கூடாது."

"சாகணும் தோழர் அமைச்சர். மாஸ்கோவில் கையெழுத்துப் போட்ட பிரதி அது. அமீர் கொல்லவில்லை என்றால் அமீர் நல்லவன் என்று ஆகிவிடும். அமீர் நல்லவன் என்றால் நாம் எதற்குப் புரட்சி செய்தோம்?"

இதற்குப் பதில் ஆட்டுச் சந்தையில் இல்லை. அமீராக நடிக்கும் கோச்கார் மூலையில் உட்கார்ந்து தாடியை ஒட்டிக்கொண்டிருந்தான். பீப்பாய் உடம்பு, கிணற்றுக்குரல்.

"அண்ணே, வெளிய இருக்கிறது கறிக்கடை ஹைதரா?" என்றான் கோச்கார். "நான் அவர் கடையிலதான் கறி வாங்குறேன். அவரு பார்க்க நான் எப்படிக் கொல்லுவேன்?"

"நான் பதினோரு வருஷமாச் செத்துக்கிட்டிருக்கேன்" என்றாள் முனவ்வர், கண்ணாடியில் மை தீட்டியபடி. "ஒருநாள் பிழைச்சா எனக்கு ஒண்ணும் ஆட்சேபணை இல்ல."

மணி அடித்துவிட்டது. பெண் செத்தால் ஆயிரம் பேர் எழுந்து போவார்கள். பிழைத்தால் நிலப்பிரபுத்துவம் நல்லதாகிவிடும். இரண்டு பாதையும் பட்டுப்புழுவிடம்தான் போய்ச் சேர்ந்தது. சாத்வால்தி தன் நாற்காலிக்குத் திரும்பி, தூக்குமேடையில் உட்கார இடம் கொடுத்தால் எப்படி உட்காருவார்களோ அப்படி உட்கார்ந்தார்.

திரை உயர்ந்தது. அரண்மனை. உயரத்தில் ஒரு ஜன்னல். தோட்டக்காரன் கைகள் கட்டப்பட்டு நிற்க, குல்பாதாம் முக்காட்டோடு அழுதாள். அமீர் வெள்ளிக்கிண்ணத்தை எடுத்தான். "இந்தத் தோட்டக்காரன் மகள் எனக்கில்லை என்றால் மண்ணுக்கு" என்று கிணற்றுக்குள்ளிருந்து பாடினான். சம்பந்திகள் ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்தார்கள். மணப்பெண்ணின் அம்மா மாடத்தில் நெஞ்சில் கைவைத்தாள்.

ஹைதர் எழுந்தார்.

"டேய் கோச்கார்."

வாத்தியங்கள் ஒவ்வொன்றாக அடங்கின. தூக்க ஆள் வேண்டிய வயலின் மட்டும் கொஞ்சநேரம் முனகிவிட்டு நின்றது.

"கிண்ணத்தைக் கீழ வை. எம் பொண்ணு கல்யாணத்துல ஒரு பொண்ணு சாவறதா? தரகர் மகனே, இதுதானா உன் சந்தோஷம்? எழுந்திரிங்கப்பா எல்லாரும், போலாம்."

ஆயிரம் பேருடைய நாற்காலிகள் ஒரே நேரத்தில் கிறீச்சிட்டன. சாத்வால்தி எழுந்து ஓடியது வாசலுக்கல்ல, மேடைக்கு. ஏன் ஓடுகிறோம் என்று அவருக்கே தெரியாது. மேடையில் நின்று ஜனத்தைப் பார்த்ததும் கால் தரையில் ஊன்றிக்கொண்டது. முன்னால் நின்றது சந்தை. வாங்க வந்தவர், விற்க மறுக்கிறவர், கோபித்துக்கொண்டு கிளம்புகிறவர். இது அவருடைய இடம்.

"ஹைதர் அண்ணே, எங்க போறீங்க? பேரம் ஆரம்பிக்கவே இல்ல. மேல வாங்க" என்றார்.

ஹைதர் மேலே வந்தார், மாடு ஏறுவதுபோல.

"இந்த அமீருக்கு என்ன வேணும்? தோட்டக்காரன் மகள் சாகணும். இது தோட்டக்காரன் மகளா இருந்தாத்தானே? என் பேரு என்ன அண்ணே?"

"சாத்வால்தி."

"என்னை எதுக்கு வாங்கினாங்க?"

ஹைதருக்குப் புரிய ஒரு நொடி ஆயிற்று. அவருக்கு முன்னால் மாடத்தில் இருந்த கிழவிகளுக்குப் புரிந்துவிட்டது. "ஜன்னல், ஜன்னல்" என்று கத்தினார்கள். "தவிடு கொண்டாங்கடா" என்று யாரோ ஓடினான். பின்முற்றத்தில் ஆட்டுக்குக் கரைக்க மூட்டையே இருந்தது. ஒரு குல்லா நிறையத் தவிடு கைமாறிக் கைமாறி மேடைக்கு வந்து சேர்ந்தது.

சாத்வால்தி தோட்டக்காரனின் கட்டை அவிழ்த்து, அவன் கையையும் ஹைதர் கையையும் சேர்த்துப் பிடித்தார். அடிக்கத் தொடங்கினார். "கொடு, விடு, அவர் முகத்தைப் பார்." தோட்டக்காரனாக நடித்தவன் மேடையில் சாதாரணமாகப் பேசி அறியாதவன். பதறிப்போய்ப் பாட்டாகவே பாடினான்.

"ஒரு குல்லாவுக்குத் தருவேனோ, என் கண்மணியை..."

"இரண்டு குல்லா, அதுக்கு மேல தவிடு இல்ல" என்றார் ஹைதர். அவரும் ராகத்தில்தான் சொன்னார்.

லெவ் மார்க்கோவிச் கண்ணை மூடினார். திறந்தபோது கோல் உயர்ந்திருந்தது. ஒவ்வொரு கைகுலுக்கலுக்கும் முரசு ஒரு அடி, ஒவ்வொரு விலைக்கும் வயலின் ஒரு இழுப்பு. "பரக்கத் உண்டாகட்டும்" என்று ஆயிரம் பேரும் சேர்ந்து முடித்தார்கள்.

அடுத்து ஜன்னல். முனவ்வர் நல்ல சாப்பாட்டில் வளர்ந்தவள். ஜன்னல் அட்டையில் செய்தது. தோள்வரை போனாள், பிறகு போகவில்லை. அந்தப் பக்கம் அத்தைமார்கள் இழுக்க, இந்தப் பக்கம் காவல் வீரர்களாக நடித்த பாடகர்கள் தள்ள, அரண்மனைச் சுவரே அவளோடு கழன்று வந்தது. அதைக் கழுத்தில் மாட்டிக்கொண்டே அவள் மேடையைச் சுற்றிவந்து, முன்வாசலில் ஹைதர் மகளாக நுழைந்தாள். மாடத்தில் ரயில்வே அமைச்சர் சிரித்துச் சிரித்து மாப்பிள்ளையின் மடியில் சாய்ந்துவிட்டார்.

மிச்சம் இருந்தது அமீர். சாத்வால்தி அவன் கையைப் பிடித்து ஹைதர் கையோடு சேர்த்தார். "அமீரே, பாரு. இங்க தோட்டக்காரன் மகள்னு யாரும் இல்ல. கறிக்கடைக்காரர் மகள்தான் இருக்கா. உங்கிட்ட பாக்கி ஒண்ணும் இல்லைன்னு கையை அடி." மூன்று பேருக்கும் முகம் கொள்ளாத சிரிப்பு. படமெடுக்க வந்திருந்த பத்திரிகைக்காரனின் விளக்கு பளிச்சென்று மின்னி அணைந்தது.

"அண்ணே" என்று கோச்கார் காதில் கிசுகிசுத்தான். "கிண்ணத்துல விஷம் அப்படியே இருக்கே. நான் என்ன செய்ய?"

"நீயே குடி."

கோச்காரின் கண் விரிந்தது. வாழ்நாள் முழுவதும் மற்றவர்களைச் சாகடித்துவிட்டு நின்ற மனிதன். தனக்கென்று ஒரு சாவுக் காட்சி வேண்டும் என்று மூன்று அமைச்சர்களிடம் மனுக் கொடுத்தவன். ஜனம் தன்னை ஏமாற்றிவிட்ட ஆத்திரத்தில் கிண்ணத்தைத் தூக்கிக் குடித்தான். தள்ளாடினான். படியில் உருண்டான். கைதட்டல் கேட்டதும் எழுந்து, சிம்மாசனத்தின் மேல் இன்னொரு முறை செத்தான். அதற்கும் கைதட்டினார்கள். மூன்றாவது முறை அவனை எழவிடாமல் ஹைதரும் சாத்வால்தியும் ஆளுக்கொரு காலைப் பிடித்து இழுத்துக்கொண்டு போக, திரை விழுந்தது. ஒரு நாற்காலிகூடக் காலியாக இல்லை. எல்லோரும் நாற்காலியின்மேல் ஏறி நின்றார்கள்.

வழக்கப்படி விருந்தினருக்கு அங்கி போர்த்தினார்கள். க்ளாவ்தியா ஸ்தெபானோவ்னா பஞ்சு வைத்த கோடுபோட்ட அங்கிக்குள், நசுங்கிய தொப்பியோடு, கண்ணைத் துடைத்துக்கொண்டார்.

"எத்தனையோ அமீர்கள் கொல்வதைப் பார்த்து அழுதிருக்கிறேன் தோழர் தாதமத்தோவ்" என்றார். "மக்கள் சேர்ந்து ஒருவனை இப்படித் தவிட்டில் ஏமாற்றியதைப் பார்த்ததில்லை. நிலப்பிரபுத்துவம் தன் விஷத்தைத் தானே குடிக்கிறது, இதைவிடச் சரியான முடிவு உண்டா? கட்டடத்தை யாரும் தொட மாட்டார்கள். மாஸ்கோ கலைவிழாவுக்கு இதையே கொண்டுவாருங்கள். ஒரு ஆள் மாறாமல். உங்கள் தரகர் வேஷம் அற்புதம், எங்கே பயிற்சி எடுத்தீர்கள்?"

"ஆட்டுங்ககிட்ட" என்றார் சாத்வால்தி.

திங்கட்கிழமை பத்திரிகையில் படம் வந்தது. முதல் பக்கம், முழு அகலம். முதல் செயலாளர் தொலைபேசியில் கூப்பிட்டார்.

"சாத்வால்தி, ஒரு சோஷலிச நாட்டு மந்திரி அமீரோட கையைப் பிடிச்சுக்கிட்டு பல்லெல்லாம் தெரியச் சிரிக்கிறான். என் மேசையில ஏழு புகார் இருக்கு."

"வியாபாரம்னா கை குடுத்துத்தானே ஆகணும் தோழர்."

"மாஸ்கோ வேற அதே தரகரைக் கேக்குது. மந்திரி மேடையில குதிக்கக்கூடாது. நடிகன் மந்திரியா இருக்கக்கூடாது. ஒண்ணைச் சொல்லு."

சாத்வால்தி தன் நாற்காலியைப் பார்த்தார். நல்ல நாற்காலிதான், தோல் தைத்தது. அதில் உட்கார்ந்து இத்தனை வருஷம் மற்றவர்கள் கையைச் சேர்த்துவைத்தாயிற்று. ஆனால் அந்த வெள்ளிக்கிழமை அடித்த கைதட்டல் இன்னும் அவர் தோள்பட்டையில் துடித்துக்கொண்டிருந்தது. விட்டுக்கொடுப்பது என்று முடிவான பிறகும் சும்மா கொடுக்க அவருக்குக் கற்பிக்கவில்லை.

"நாற்காலியைத் தர்றேன்" என்றார். "வீட்டுத் தொலைபேசியை எடுக்கக்கூடாது, ஹோஸியத் பழகிட்டா. கோச்காருக்கு ஒரு சாவு நிரந்தரமா எழுதிக் குடுக்கணும். வாரம் ஒரு கல்யாணம் அரங்கத்துல."

"மாசம் ஒண்ணு."

"தோழர், உங்க கை இங்க இருந்தா நல்லா இருக்கும்."

"பத்து நாளைக்கு ஒண்ணு, போ" என்றார் முதல் செயலாளர், தன் கை அவருக்கு எட்டாமல் தொலைபேசியில் இருந்ததற்கு மனதுக்குள் நன்றி சொல்லிக்கொண்டு.

ஹோஸியத் அண்டாவிலிருந்து சட்டிகளை வெளியே எடுத்து அடுக்கினாள். "மந்திரி பொண்டாட்டியா இருந்தப்ப மருந்துக்கடையில எல்லாரும் சிபாரிசு கேட்டாங்க" என்றாள். "இப்ப டிக்கெட் கேக்கறாங்க. இது தேவலை, குடுத்தா போயிடறாங்க."

மாஸ்கோவில் விழா முடிந்து, அங்கே ஹைதரின் பாட்டுக்குப் பூங்கொத்து விழுந்து, அவர் அதைக் கறி பொட்டலம்போலக் கட்டிக்கொண்டு வந்தது தனிக்கதை. அடுத்த இலையுதிர்காலத்தில் ஒரு மாலை, இரண்டாம் அங்கம் முடிந்து திரை விழுந்தது. குல்லா நிறையத் தவிடு அளந்துகொண்டிருந்த சாத்வால்தி, திரையில் இருந்த ஓட்டை வழியாக அரங்கத்தைப் பார்த்தார். முதல் வரிசையில் புதிய கலாசார அமைச்சர், மீன்வளத் துறையிலிருந்து வந்தவர், எழுந்து பலமாகக் கைதட்டினார். பிறகு பக்கத்தில் இருந்த விருந்தாளியின் முழங்கையைப் பிடித்துப் பின்வாசல் பக்கம் நடந்தார்.

"அண்ணே, போறாரு" என்றான் கோச்கார், தாடியை ஒட்டிக்கொண்டே. "மூணாவதுல என்ன இருக்குன்னு யாரையாவது அனுப்பிச் சொல்லவா?"

"எதுக்கு? அவருக்கும் ஒருநாள் தெரியவரும்" என்றார் சாத்வால்தி. "நீ விஷத்தை ஊத்து. இன்னிக்குத் தவிடு நல்ல தவிடா இருக்கு."